தீர்ப்புக்கு முன்பே தண்டனையா?

அமெரிக்காவின் ஐடாஹோ மாநில முன்னாள் ஆளுநர் ஸ்டூனன்பர்க் 1905இல் குண்டுவெடிப்பில் கொல்லப்பட்டார். கொலைச் சதி என்று சொல்லி, சுரங்கத் தொழிலாளர் சங்கத் தலைவர்களில் ஒருவரான ஹேவுட் உட்பட மூவரைப் பிணையின்றிச் சிறையில் அடைத்தார்கள். பிரதான சாட்சி, குண்டு வைத்தவனேதான். சுமார் 17 மாதங்களுக்குப் பின், 1907 ஜூலையில் ஹேவுட் குற்றவாளியல்ல என்று தீர்ப்பானது. போன மாதங்களை யார் திருப்பிக் கொடுத்தார்கள்?

கொலைக்கு நீதி வேண்டும். அதில் நமக்கு மாற்றுக் கருத்தில்லை. சாட்சியை மிரட்டுவார், ஓடிவிடுவார் என்று காட்டினால் பிணையை மறுக்கட்டும். 'சதி' என்ற சொல் மட்டும் போதாது.

நமது நாட்டின் 1997ஆம் ஆண்டுப் பிணைச் சட்டமும் பிணை கொடுப்பதே விதி, மறுப்பது விலக்கு என்கிறது. தோட்டத்தில் ஒருவர் உள்ளே போனால், 'அவன் செய்திருப்பான்' என்று ஒதுங்காமல் சட்டத்தரணியைத் தேடுவோம். சம்பளம் நின்ற குடும்பத்துக்குத் துணை நிற்போம்.