பேர்ப்பலகை ஒண்டு, கடை வேறொண்டு

"மச்சான், ஒரு கட்டகரிதானே. அதில என்ன வந்து கிடக்கு?"

போர்டிங்கில் இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு தொடங்கின கதை, அடுத்த நாள் கன்டீன் பிளேன்ரீ வரைக்கும் இழுபட்டது. எங்கட நண்பன் ஒருவன் கேம் லைவ் போடுகிறவன். அண்டைக்கு அவன் விளையாடியது ஜிடிஏ வைஸ் சிட்டி. 2002 இல் வந்த கேம், எங்கட அண்ணாமார் நெட் கபேயில் மணித்தியாலக் கணக்குக்குக் காசு குடுத்து விளையாடினது. ஆனால் கேமின் பேர் இருக்க வேண்டிய இடத்தில் அவன் போட்டிருந்தது ஜிடிஏ 5. தலைப்பில் இன்னும் ஒரு படி மேலே போய், அப்ப வெளிவரவே இல்லாத ஜிடிஏ 6 இன் பேரை எழுதியிருந்தான். ஏன்டா இப்பிடி எண்டு கேட்டதுக்குத்தான் மேலே உள்ள பதில்.

அந்த நேரம் எங்களால் ஒழுங்காக மறுத்துக் கதைக்க ஏலாமல் போச்சு. அவன் சிரிச்சான், நாங்களும் சிரிச்சிட்டு விட்டிட்டம். ஆனால் மனசுக்குள்ள நிண்டு குடைஞ்சது. அதைத்தான் இஞ்ச எழுதுறம். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கோ.

முதலில் ஒண்டைச் சொல்லவேணும். கேம் லைவ் பாக்கிற தளங்களில் கேமின் பேர் எண்டுறது அலங்காரம் இல்லை. ட்விட்ச் 2011 இல் ஜஸ்டின் டிவி எண்ட தளத்தில் இருந்து கேமுக்கெண்டே பிரிஞ்சு வந்தது. தொடக்கத்தில் இருந்தே அங்க லைவ்கள் கேமின் பேருக்குக் கீழேதான் அடுக்கப்படுகுது. ஒரு கேமின் படத்தைத் தட்டினால், அந்த நிமிஷத்தில் அதை விளையாடிக்கொண்டிருக்கிற ஆட்கள் வரிசையாக வருவினம். யூரியூப்பிலும் கேமிங் எண்டு தெரிவு செய்த பிறகு கேமின் பேரைப் போட ஒரு பெட்டி இருக்கு. பாக்கிற ஆளுக்கு உங்களைத் தெரியாது. உங்கட குரலைக் கேட்டதில்லை. அவர் நம்புறது அந்தப் பேரை மட்டும்தான்.

நாங்கள் கலைப்பீடத்துப் பிள்ளையள். பாதி நேரம் நூலகத்திலதான் கிடக்கிறது (மற்றப் பாதி எங்க எண்டு கேக்கக்கூடாது). தமிழ் இலக்கியத்துக்கு டூயி வகைப்பாட்டில் 894.811 எண்ட எண். ஒரு கவிதைப் புத்தகத்தை ஆரோ சமையல் புத்தகங்களுக்கு நடுவில சொருகிவிட்டுப் போனால், அந்தப் புத்தகம் நூலகத்திலதான் இருக்கும், பதிவிலயும் இருக்கும், ஆனால் தேடுறவருக்கு அது இல்லை. சீர்காழியில் பிறந்த எஸ். ஆர். ரங்கநாதன் 1931 இல் நூலகத்துக்கு ஐந்து விதிகள் எழுதினார். அதில் நாலாவது விதி வாசகரின் நேரத்தைச் சேமிக்கச் சொல்லுது. லைவ் போடுறவைக்கும் இந்த ஒரு விதி காணும் எண்டு நினைக்கிறம். எங்கட நாட்டில் பாக்கிறவருக்கு நேரம் மட்டும் போகாது, டேட்டாவும் போகும். மாசம் முடிய இன்னும் பத்து நாள் இருக்கேக்க மிஞ்சிக் கிடக்கிற ரெண்டு ஜீபியை எண்ணி எண்ணிச் செலவழிக்கிற பெடியன் உங்கட பொய்ப் பேரைத் தட்டி உள்ளே வந்தால், அது அவன்ர காசு.

சரி, ரெண்டு எம்பி போனால் ஆரும் சாகப் போறதில்லை. அதை ஒத்துக்கொள்ளுறம். எங்கட கோபம் வேற இடத்தில.

'வெண்பா' எண்டொரு கேம் இருக்கு. 2023 யூலையில் வந்தது. டொரன்டோவில இருக்கிற விசை கேம்ஸ் எண்ட சின்ன நிறுவனம் செய்தது. 1980களில் கனடாவுக்குப் போய்ச் சேர்ந்த ஒரு தமிழ்க் குடும்பத்தின் கதை. அம்மாவின் பழைய சமையல் குறிப்புப் புத்தகம் கிழிஞ்சும் அழிஞ்சும் போயிருக்கும், அதில விட்டுப்போன இடங்களை ஊகிச்சு இட்லியும் புட்டும் அவிக்கவேணும். அவ்வளவுதான் விளையாட்டு. ஒண்டரை மணித்தியாலத்தில் முடிஞ்சுபோம், ஆனால் முடியேக்க தொண்டை அடைக்கும். 2024 இல் அதுக்குப் பாஃப்டா விருது கிடைச்சது, முதல் படைப்புக்கான பிரிவில். அதே வருஷம் சுயாதீனக் கேம்களுக்கான ஐஜிஎஃப் விழாவில் பெரிய பரிசும் அதுக்குத்தான். தமிழில் கதைக்கிற ஒரு குடும்பம் இப்பிடி ஒரு இடத்துக்கு வந்தது எங்களுக்குத் தெரிஞ்சு இதுதான்.

ஒரு தமிழ்ச் சனலில் இந்தக் கேமை லைவ் போட்டார்கள். நல்ல விஷயம். ஆனால் கேமின் பேரில் போட்டிருந்தது பப்ஜி மொபைல்! வெண்பா எண்டு போட்டால் ஒருத்தரும் வராயினம் எண்ட பயம். நடந்தது என்ன? பப்ஜி பாக்க வந்தவை "என்ன ப்ரோ, சமையல் சனலா?" எண்டு கேட்டுட்டுப் போனவை. வெண்பாவைத் தேடி வந்திருக்கக்கூடியவைக்கு அப்பிடி ஒரு லைவ் நடக்குது எண்டே தெரியாது. அண்டிரவு வெண்பாவின் பக்கத்தைத் திறந்து பாத்தம், ஒரு தமிழ்க் குரலும் இல்லை. இவ்வளவுக்கும் தமிழில் நாலு பேர் அதை விளையாடிக் கதைச்சால், கேம் செய்ய ஆசைப்படுற இன்னொரு பிள்ளைக்கு அது எவ்வளவு பெரிய தைரியம்!

சின்னக் கேம்கள் இந்தப் பக்கங்களாலதான் உயிர் பிழைக்கிறது. அமங் அஸ் 2018 இல் வந்த கேம். ரெண்டு வருஷம் பெரிசா ஒருத்தரும் கவனிக்கேல்ல. 2020 இல் லைவ் போடுறவை ஒவ்வொருத்தராக எடுத்து விளையாட, ஊரடங்குக்குள்ள முடங்கியிருந்த நாங்கள் எல்லாரும் அதில குதிச்சம். அவை அண்டைக்கு அமங் அஸ் விளையாடிக்கொண்டு ஃபோர்ட்நைட் எண்டு பேர் போட்டிருந்தால், அந்தக் கேம் அந்தப் பட்டியலில மேலே ஏறியிருக்குமோ?

எதிர்ப்பக்கத்துக்கும் ஒரு கதை இருக்கு, அது அசிங்கமான கதை. வால்வ் நிறுவனம் 2018 நவம்பரில் ஆர்டிஃபாக்ட் எண்டொரு கார்ட் கேமை வெளியிட்டது. மேஜிக் த கேதரிங்கை உருவாக்கின ரிச்சர்ட் கார்ஃபீல்ட் வடிவமைச்சது, பெரிய எதிர்பார்ப்போட வந்தது. சில மாதத்திலேயே விளையாடுற ஆட்கள் கரைஞ்சு போச்சினம். ட்விட்சில் அதின்ர பக்கம் வெறிச்சோடிக் கிடந்தது. 2019 மே மாதம் கொஞ்சப் பேர் அந்த வெறுமையில் விளையாட்டுக்காட்டத் தொடங்கினவை. முதலில் பகிடி வீடியோக்கள், பிறகு முழுத் திரைப்படங்கள், பிறகு ஆபாசம். கடைசியில், அந்த வருஷம் மார்ச்சில் நியூசிலாந்தின் கிறைஸ்ட்சேர்ச்சில் பள்ளிவாசல்களுக்குள்ள நடந்த கொலைகளின் வீடியோவையும் ஆர்டிஃபாக்ட் எண்ட பேருக்குக் கீழ ஓடவிட்டவை. ட்விட்ச் புதுக் கணக்குகள் லைவ் போடுறதையே தற்காலிகமாக நிப்பாட்ட வேண்டி வந்தது. ஜூனில் பேர் தெரியாத ஆட்களுக்கு எதிராகக் கலிபோர்னியாவில் வழக்கும் போட்டது.

எங்கட நண்பனையும் அந்தக் கூட்டத்தையும் ஒரே தராசில வைக்கிறம் எண்டு நினைக்கவேண்டாம். வைஸ் சிட்டிக்கும் அதுக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். ஆனால் "பேரில் என்ன கிடக்கு" எண்டு எல்லாரும் தோளைக் குலுக்கிவிட்ட பிறகு ஒரு பக்கம் எப்பிடி ஆகும் எண்டதை அந்தச் சம்பவம் காட்டினது. ஆர்டிஃபாக்டை உண்மையாகவே விரும்பி விளையாடின கொஞ்சப்பேர் அந்த நாட்களில் தங்கட சொந்தப் பக்கத்தைத் திறக்கப் பயந்திருப்பினம்.

அந்தப் பயம் எங்கட வீட்டுக்கும் வந்தது. எங்களில் ஒருத்தியின் தம்பிக்கு எட்டு வயசு. மைன்கிராஃப்ட் பைத்தியம். அம்மா சமைக்கேக்க ஃபோனைக் குடுத்தால், மைன்கிராஃப்ட் பக்கத்துக்குப் போய் ஆராவது வீடு கட்டிறதைப் பாத்துக்கொண்டிருப்பான். ஒருநாள் அதே பேரைத் தட்டினவனுக்குக் கிடைச்சது ஜிடிஏ 5. தெருவில ஒரு ஆளைப் போட்டு அடிச்சுக்கொண்டு, நல்ல சுத்தத் தமிழில், நாங்கள் இஞ்ச எழுத ஏலாத வார்த்தைகளில் ஒரு அண்ணா ஏசிக்கொண்டிருந்தார். தம்பி அண்டைக்கு இரவு சாப்பிடேக்க அந்த வார்த்தைகளில் ஒண்டை அம்மம்மாவுக்கு முன்னால சொன்னான். அவனுக்கு அர்த்தம் தெரியாது. அடி மட்டும் அவனுக்குத்தான் விழுந்தது.

மைன்கிராஃப்டுக்கு ஐரோப்பிய வயதுத் தரம் 7, ஜிடிஏ 5 க்கு 18. ட்விட்ச் 2023 இல் கொண்டுவந்த உள்ளடக்க அடையாளங்களில், பெரியவர்களுக்கான கேம் எண்ட அடையாளம் நீங்கள் தெரிவு செய்யிற கேமின் பேரைப் பாத்துத் தானாக ஒட்டிக்கொள்ளும். பேரை மாத்தினால் அந்த எச்சரிக்கையும் காணாமல் போகும். ஒரு கதவில "சின்னப் பிள்ளையள் வரவேண்டாம்" எண்டு எழுதியிருந்ததைப் பிடுங்கிப்போட்டு, "பாலர் பாடசாலை" எண்டு எழுதிவைக்கிற வேலைதான் இது.

இனி எங்கட குற்றம். நாங்களும் செய்திருக்கிறம்.

நாங்கள் மூண்டு பேர் சேர்ந்து கொஞ்சக்காலம் ஒரு சனல் நடத்தினம். விளையாடினது பப்ஜி மொபைல், உலகப் பதிப்பு. இந்தியாவில் அதை 2020 செப்டெம்பரில் தடை செய்தவை, 2021 யூலையில் அவைக்கெண்டு தனியாக பிஜிஎம்ஐ வந்தது. தமிழில் பாக்கிற பெரும் கூட்டம் தமிழ்நாட்டில, அவை தேடுறது பிஜிஎம்ஐ. நாங்கள் என்ன செய்தம்? பேரை பிஜிஎம்ஐ எண்டு மாத்தினம். முதல் நாள் பத்துப் பேர் இருந்த இடத்தில முப்பது பேர் மட்டில வந்தவை. துள்ளிக் குதிச்சம். பிறகு அவை கேக்கத் தொடங்கினவை: "அண்ணா, ரூம் ஐடி போடுங்க, நாங்களும் வர்றோம்." எப்பிடிப் போடுறது? ரெண்டும் தனித்தனிக் கேம், அவையால எங்களோட சேர்ந்து விளையாட ஏலாது. முதலில் மழுப்பினம். பிறகு "நெட் ஸ்லோ" எண்டு பொய் சொன்னம். தூத்துக்குடியில இருந்து வந்த ஒரு தம்பிதான் கண்டுபிடிச்சான். "நீங்க ஆடுறது பிஜிஎம்ஐ இல்லையே அண்ணா, ஏன் பொய் சொல்றீங்க?" எண்டு மரியாதையாகத்தான் கேட்டான். அதுக்குப் பிறகு அவன் வரேல்ல. அந்த முப்பதில ஒருத்தரும் நிலைக்கேல்ல. பத்துப் பேரில இருந்த ஒரு நண்பரும் கதைக்கிறதை விட்டிட்டார், அது வேற காரணமாயும் இருக்கலாம்.

எங்கட நண்பனின் வாதத்தில நியாயம் இல்லாமல் இல்லை. பெரிய கேம்களின் பக்கத்தில ஆயிரக்கணக்கில லைவ்கள். பாக்கிறவர் தொகையை வைச்சு மேலிருந்து கீழே அடுக்கினால், யாழ்ப்பாணத்தில இருந்து மூண்டு பேரோட லைவ் போடுற பெடியன் அடியில கிடப்பான், அங்க வரைக்கும் ஒருத்தரும் விரலால தள்ளிக்கொண்டு வராயினம். இருக்கிறவனுக்கே குடுக்கிற இந்த அடுக்குமுறையைச் செய்தது நாங்கள் இல்லை, நிறுவனங்கள். ட்விட்சை 2014 இல் அமேசன் 97 கோடி டொலருக்கு வாங்கினது. அவைக்கு எங்கட பெடியன் அடியில கிடக்கிறது கவலையில்லை. இதை நாங்களும் சத்தம் போட்டுச் சொல்லவேணும். ஆனால் வைஸ் சிட்டியை ஜிடிஏ 5 எண்டு போட்டவன் அமேசனை ஏமாத்தேல்ல. அந்த அடியில கிடக்கிற இன்னொரு பெடியனை, உண்மையாக ஜிடிஏ 5 விளையாடுறவனை, இன்னும் ஒரு இடம் கீழ தள்ளினான். வைஸ் சிட்டியின் பக்கத்தில அவனே முதலாவதாக நிண்டிருக்கலாம் எண்டது அவனுக்குத் தோணவே இல்லை.

மறந்து போறவையோட எங்களுக்குச் சண்டை இல்லை. ட்விட்சில் கடைசியாகப் போட்ட பேர் நீங்கள் மாத்தும் வரை அப்பிடியே நிக்கும். நேற்று வலரன்ட் விளையாடிட்டு இண்டைக்கு மைன்கிராஃப்ட் திறந்தால், பேர் வலரன்ட்தான். எல்லாருக்கும் நடக்கும். அந்த நேரம் சாட்டில வந்து கத்தி, புதுசா லைவ் போடுற பிள்ளையைக் கூனிக்குறுக வைக்கிற "கட்டகரிப் பொலிஸ்" அண்ணாமாரையும் எங்களுக்குப் பிடிக்காது. "தங்கச்சி, பேர் மாறேல்ல போல" எண்டு ஒரு வரி காணும். மட்ச் தொடங்கக் காத்திருக்கிற அஞ்சு நிமிஷத்துக்குப் பேரை மாத்தத் தேவையில்லை. கேமை மூடிப்போட்டு ஒரு மணித்தியாலம் சோதனைப் பெறுபேறு பற்றிக் கதைக்கிறதெண்டால், ஜஸ்ட் சாட்டிங் எண்டு 2018 இல் இருந்தே ஒரு இடம் இருக்கு, அங்க போங்கோ. இடையில பேரை மாத்தினால் பிறகு அந்தப் பதிவைப் பாக்கிறவைக்கு அத்தியாயம் அத்தியாயமாகப் பிரிஞ்சு வரும், அதுவும் ஒரு வசதி. விளையாடிக்கொண்டு மாத்த ஏலாதெண்டால், நம்பிக்கையான சிநேகிதப் பிள்ளை ஒருத்தருக்கு எடிட்டர் உரிமை குடுத்து விடுங்கோ. உங்கட கேம் பட்டியலிலேயே இல்லையோ? ட்விட்ச் பேர்களை எடுக்கிறது ஐஜிடிபி எண்ட தரவுத்தளத்தில இருந்து. அதில ஆரும் கணக்குத் திறந்து புதுக் கேமைச் சேர்க்க விண்ணப்பிக்கலாம். கணினிப் பீடத்தில இறுதி வருடத்துக்குக் கேம் செய்யிற நண்பர்கள் இதைக் கவனிக்கவும்.

நண்பனுக்கு இதின்ர முதல் வரைவை வாசிச்சுக் காட்டினம். "என்ர பேரைப் போடாதேங்கோ" எண்டு மட்டும் சொன்னான். போடேல்ல. நேற்று அவன்ர லைவைத் திறந்து பாத்தம். கேம் வைஸ் சிட்டி, பேரும் வைஸ் சிட்டி. பாத்துக்கொண்டிருந்தது நாலு பேர், அதில மூண்டு பேர் நாங்கள். நாலாவது ஆள் ஆரெண்டு தெரியேல்ல. அவர் முழுக்க நிண்டு, கடைசியில "இந்தக் கேமை நான் நெட் கபேயில விளையாடினது தம்பி" எண்டு எழுதிப்போட்டுப் போனார்.

வாற வெள்ளி இரவு 12 மணிக்கு, எல்லாருக்கும் நைட் டேட்டா தொடங்கின பிறகு, நாங்கள் வெண்பா விளையாடப் போறம். பேர் வெண்பா எண்டுதான் இருக்கும். புட்டு அவிக்கத் தெரிஞ்ச ஆராவது வந்து உதவி செய்யுங்கோ.