முதல்வரின் உடல்நிலை மூடுமந்திரமாக வேண்டாம்

ஆசிரியருக்கு,

முதல்வராக இருந்த ஜெயலலிதாவின் மரணம் பற்றிய தங்கள் கட்டுரை யார் மீது சந்தேகம் என்பதோடு நின்றுவிட்டது. நடைமுறையில் உள்ள ஓட்டையைத் தொடவில்லை என்பதே என் குறை.

2016 செப்டம்பர் 22 அன்று மருத்துவமனையில் சேர்க்கப்பட்டவர், டிசம்பர் 5 இரவு 11.30 மணிக்கு இறந்ததாக அறிவிக்கப்பட்டது. அவரது மரணத்தை விசாரித்த ஆறுமுகசாமி ஆணையமோ, டிசம்பர் 4 பிற்பகலிலேயே உயிர் பிரிந்துவிட்டது என்றது. அளித்த சிகிச்சை சரியானதே என்றது எய்ம்ஸ் மருத்துவர் குழு. மூன்று மாதத்தில் முடிய வேண்டிய ஆணைய விசாரணையின் அறிக்கை 2022 ஆகஸ்டில்தான் வந்தது. மக்கள் எதை நம்புவது?

நான் அரசு மருத்துவமனையில் செவிலியராக இருந்து ஓய்வு பெற்றவள். தீவிர சிகிச்சைப் பிரிவில் நாடித்துடிப்பு, ரத்த அழுத்தம், சிறுநீர் அளவு என எல்லாவற்றையும் மணிக்கொரு தரம் சார்ட்டில் எழுதுவோம். வெளியே பெஞ்சில் காத்திருக்கும் உறவினரிடம் டாக்டர் தினமும் நிலைமையைச் சொல்வார். சொல்லத் தவறிய நாளில்தான் கூச்சலும் வதந்தியும் கிளம்பும். கூலித் தொழிலாளியின் குடும்பத்துக்குக் கிடைத்த அந்தத் தெளிவு, ஜெயலலிதா தொடங்கிய அம்மா உணவகத்தில் ஒரு ரூபாய் இட்லி சாப்பிட்டவர்களுக்குக் கிடைக்கவில்லை. மருத்துவமனையிலிருந்து விட்டு விட்டு வந்த அறிக்கைகள் அவர்களுக்குப் போதவில்லை.

முதல்வர் பதவியில் இருப்பவர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டால், அரசு மருத்துவக் குழு தினமும் கையொப்பமிட்ட அறிக்கை வெளியிட வேண்டும். சிகிச்சைப் பதிவேடுகளின் நகலை உயர் நீதிமன்றப் பொறுப்பில் வைக்க வேண்டும். இதைச் சட்டமாக்கச் சட்டமன்றம் முன்வர வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
தஞ்சாவூர்.