கூலி கொடுத்துட்டு வேடிக்கை பாருங்க

போன பொங்கல் லீவுக்கு ஊருக்குப் போயிருந்தேன். நமக்கு ஊர் கம்பம். ஆனா மதுரையில பஸ் ஏறினா நேரா கம்பத்துல போய் இறங்க முடியாது. கணவாய் தாண்டினதும் ஆண்டிபட்டி, பக்கத்துலயே சக்கம்பட்டி. அங்க பெரியம்மா வீடு. இறங்கி ஒரு வாய் காப்பி குடிக்காம போனோம்னு தெரிஞ்சா ஒரு வருசத்துக்கு முகம் கொடுத்துப் பேச மாட்டாங்க.

சக்கம்பட்டி நெசவு ஊர். பெரியம்மா வீட்டுக்குள்ள நுழைஞ்சா முதல்ல கண்ணுல படறது தறிதான், அப்புறம்தான் மனுசங்க. நான் காப்பி டம்ளரோட திண்ணையில உக்காந்திருக்கேன், வாசல்ல ஒரு வெள்ளை வேன் வந்து நின்னுச்சு. எட்டுப் பேர் இறங்கினாங்க. பாதிப் பேர் வெளிநாடு, மீதி பெங்களூர்ப் பக்கம் போல. மதுரையில மீனாட்சி அம்மன் கோயில் பாத்துட்டு தேக்கடிக்குப் போற கூட்டம். வழியில "கைத்தொழிலைக் கையால் தொட்டுப் பார்க்கலாம், உள்ளூர்ச் சாப்பாட்டை ருசி பார்க்கலாம்"னு ஒரு டூர்.

கூட வந்த வழிகாட்டித் தம்பி உள்ள எட்டிப் பாத்து, "அம்மா, கொஞ்சம் மெதுவா நெய்ங்க, வீடியோ எடுக்கணும்"னான். பெரியம்மா மெதுவா நெஞ்சாங்க. அப்புறம் ஒரு அம்மணிக்குத் தறியில உக்காரணும்னு ஆசை. பெரியம்மா குழியை விட்டு மேல ஏறினாங்க, அம்மணி இறங்கினாங்க. நாடாவை ஒரு இழு இழுத்தாங்க பாருங்க... அது பறந்து போய்ப் பாவுல குத்தி ஏழெட்டு இழை அறுந்துச்சு. எல்லாரும் சிரிச்சாங்க. பெரியம்மாவும்தான். போட்டோ எடுத்துக்கிட்டாங்க, கை கூப்பி வணக்கம் சொன்னாங்க, வேன் கிளம்பிருச்சு. மொத்தம் இருபத்தஞ்சு நிமிசம். அதுக்கப்புறம் அறுந்த இழையை ஒவ்வொண்ணா தேடி முடிச்சுப் போட இன்னொரு கால் மணி நேரம்.

"காசு ஏதும் குடுத்தாய்ங்களா?"ன்னு கேட்டேன்.

"வீடு தேடி வந்தவுககிட்ட காசு கேக்கவா முடியும்? நல்ல பிள்ளைகதான்டா. என்ன, அவுக வந்துட்டுப் போனா எனக்கு ஒரு முழம் குறையும்"னாங்க.

அந்த ஒரு முழம்தான் இந்தப் பதிவு.

நெசவு நேரக்கூலி கிடையாதுங்க. சேலைக்கு இவ்வளவுன்னு கணக்கு. தறி நின்னா கூலி நின்னுச்சு. ஒரு நாளைக்கு ரெண்டு வேன், வேனுக்கு அரை மணி நேரம்னு வச்சுக்கங்க. வாரத்துல ஆறு நாளைக்கு ஆறு மணி நேரம். ஏறக்குறைய ஒரு நாள் பொழப்பு போச்சு. ஆபீஸ்ல இருக்கிற நமக்கு யாராவது வந்து பேசிட்டுப் போனா மாசக் கடைசியில சம்பளம் குறையாது. அதனாலயே இது நமக்குச் சட்டுன்னு உறைக்காது.

"அதான் வர்றவங்க சேலை வாங்குவாங்களே"ன்னு ஒரு நண்பர் சொன்னார். எங்க வாங்கறது? தறியில இருக்கிற சேலை பெரியம்மாவோடது இல்லையே! நூல் கொடுக்கறது மொதலாளி, இல்லைன்னா கூட்டுறவு சங்கம். பாவை வாங்கிட்டு வந்து நெஞ்சு, துணியைத் திருப்பிக் கொடுத்துட்டுக் கூலி வாங்கிட்டு வரணும். வந்தவர் எவ்வளவு பணம் நீட்டினாலும் அந்தச் சேலையை அறுத்துக் கொடுக்க பெரியம்மாவுக்கு உரிமை கிடையாது. வேன்காரங்க என்ன செய்யறாங்கன்னா, டவுன்ல ஒரு கடையில நிறுத்தி அங்க வாங்க வைக்கிறாங்க. பாத்தது ஒரு வீட்டுல, காசு போறது இன்னொரு கல்லாவுக்கு.

கம்பத்துக்கு வந்தா இதே கதை வேற மாதிரி. எங்க பள்ளத்தாக்குல பன்னீர் திராட்சை விசேஷம்னு எல்லாருக்கும் தெரியும். 1832ல ஒரு பிரெஞ்சுப் பாதிரியார் கொண்டு வந்து அறிமுகப்படுத்தினதா சொல்லுவாங்க. 2023ல புவிசார் குறியீடும் கிடைச்சிருச்சு. மத்த ஊர்ல திராட்சைக்கு ஒரு சீசன் உண்டு. இங்க கவாத்து பண்றதை முன்னப் பின்ன வச்சுக்கறதால வருசம் பூரா ஏதாவது ஒரு தோட்டத்துல பழம் தொங்கும். சுருளிப்பட்டி, கூடலூர்ப் பக்கம் ரோட்டோரத்துலயே கல்தூண் நட்டுக் கம்பி கட்டின பந்தல் பாக்கலாம். குமுளி மலையில இருந்து இறங்கி வர்ற டூரிஸ்ட்டுக்கு இதைவிட நல்ல போட்டோ கிடைக்காது.

பந்தலுக்குள்ள வந்தவங்க கொத்தைப் பறிச்சு அப்படியே வாயில போடறாங்க. "டேஸ்டிங்"காம்! அந்தத் தோட்டத்துக்கு மருந்து அடிச்சு எத்தனை நாளாச்சுன்னு தோட்டக்காரருக்குத்தான் தெரியும், வேன்காரருக்குத் தெரியாது. பழம் வெட்டிக்கிட்டு இருக்கிற பொம்பளைங்க வேலையை நிறுத்திட்டு கேமராவைப் பாத்து நிக்கணும். பன்னீர் திராட்சைக்குத் தோல் மெலிசு. கை பட்டா நசுங்கும், வெட்டினா சீக்கிரம் பெட்டியில ஏத்தி அனுப்பியாகணும். அந்த அவசரத்துக்கு நடுவுல சிரிச்சுக்கிட்டே நிக்கறதுக்கும் யாரும் கூலி போடறதில்ல.

உடனே "நம்ம பொழப்பை மிருகக்காட்சி சாலை மாதிரி ஆக்கிட்டாய்ங்க, எல்லாத்தையும் நிறுத்து"ன்னு கிளம்பற ஆள் நான் இல்லை. சொல்லப் போனா இந்த மாதிரி டூர் இன்னும் நிறைய வரணும்கிற கட்சி நான்.

அன்னைக்கு அந்தக் கூட்டத்துல பன்னெண்டு வயசு இருக்கும், ஒரு பொண்ணு. எல்லாரும் தறியைச் சுத்தி நின்னப்ப அது மட்டும் மூலையில ராட்டைகிட்ட உக்காந்து தார் சுத்திப் பாத்துச்சு. நூல் அறுந்துச்சு. முடிச்சுப் போடத் தெரியல. பெரியம்மா காட்டிக் கொடுத்தாங்க. மறுபடி அறுந்துச்சு. அஞ்சாறு தடவைக்கு அப்புறம் பாதித் தார் சுத்திட்டு, "இந்த மாதிரி ஒரு சேலைக்கு எத்தனை வேணும்?"னு கேட்டுச்சு. பெரியம்மா கணக்குச் சொன்னதும் அது முகத்துல ஒரு மாற்றம் வந்துச்சு பாருங்க. அந்தப் பொண்ணு நாளைக்கு வளந்து கடையில கைத்தறிச் சேலையைப் பாத்து "இவ்வளவு விலையா?"ன்னு கேக்காதுன்னு நான் அடிச்சுச் சொல்லுவேன். நூறு விளம்பரம் செய்ய முடியாததை அறுந்த நூல் செஞ்சிருச்சு. கையால செஞ்சு பாக்கறதுக்கு அந்த மரியாதை உண்டு.

இன்னொண்ணும் இருக்கு. பெரியம்மா மகன் திருப்பூர்ல பனியன் கம்பெனியில இருக்கான். தறியில உக்கார மாட்டேன்னு எப்பவோ சொல்லிட்டான். அவனைக் குத்தம் சொல்ல முடியாது, அங்க வாரமானா சம்பளம். பெரியம்மாவுக்கு அப்புறம் அந்தத் தறி விறகுதான். நெசவுக் கூலியோட, கத்துக் கொடுக்கறதுக்கும் ஒரு கூலி வந்தா, அந்த வீட்டுல யாராவது ஒருத்தர் யோசிக்கலாம். யோசிக்காமலும் போகலாம். ஆனா இப்ப யோசிக்கறதுக்கே வழியில்லை.

மலைக்கு அங்கிட்டு என்ன பண்றாங்கன்னு கொஞ்சம் பாருங்க. கேரளாவுல 2008ல குமரகம், தேக்கடி, வயநாடு, கோவளம்னு நாலு இடத்துல பொறுப்புச் சுற்றுலான்னு ஆரம்பிச்சாங்க. கயிறு திரிக்கிறவங்க வீடு, ஓலை முடையறவங்க வீடுன்னு கூட்டிட்டுப் போறாங்க. வர்றவங்க உக்காந்து திரிச்சுப் பாக்கலாம், முடைஞ்சு பாக்கலாம். செஞ்சு காட்டற வீட்டுக்கும் அதுல பங்கு உண்டு. குமரகத்துல செஞ்ச வேலைக்கு 2014ல ஐ.நா. சுற்றுலா அமைப்போட விருதே கிடைச்சுச்சு. 2017ல இதுக்குன்னே தனி மிஷன் வச்சாங்க. நமக்கு இன்னும் பக்கத்துல, பெரியார் புலிகள் காப்பகத்துல, காட்டுக்குள்ள திருட்டுத்தனமா வயணை மரப்பட்டை உரிச்சவங்களையே சேத்து ஒரு குழு அமைச்சு வழிகாட்டியா மாத்தினாங்க. காட்டை அவங்களை விட யாருக்குத் தெரியும்? அந்த அறிவுக்குக் காசு கொடுத்தாங்க, இன்னைக்குக் காட்டுக்குக் காவலும் அவங்கதான். அங்க எல்லாமே தேனும் பாலுமா ஓடுதுன்னு சொல்ல வரல. செஞ்சு காட்டறதும் ஒரு வேலைன்னு ஒத்துக்கிட்டாங்க பாருங்க, அதைச் சொல்றேன்.

நம்ம பக்கம் இனிமேதான் கூட்டம் வரும். 2010 கடைசியில நிறுத்தின மதுரை - போடி ரயில், அகலப் பாதையாகி 2022ல தேனி வரைக்கும், 2023ல போடி வரைக்கும் வந்திருச்சு. சென்னையில ராத்திரி ஏறினா காலையில மலை தெரியும். அதனால முறையை இப்பவே வச்சுக்கறது நல்லது. என் சின்ன மூளைக்கு எட்டினது இவ்வளவுதான்:

முதல்ல, டிக்கெட்டுல வீட்டுக்கான பங்கு எவ்வளவுன்னு எழுதியே கொடுத்திடணும். வந்தவர் கையால "டிப்ஸ்" தர்ற கதையெல்லாம் வேண்டாம். டிப்ஸ் இரக்கம், கூலி உரிமை.

ரெண்டாவது, பழகறதுக்குன்னு தனி ராட்டை, தனிச் சின்னத் தறி, கழிவு நூல் வைக்கணும். பொழப்புக்கு ஓடற பாவுல யாரும் கை வைக்கக் கூடாது. அறுக்கறதைக் கழிவு நூல்ல அறுத்துக்கட்டும் :-)

மூணாவது, நேரம் முன்னாடியே சொல்லிட்டு வரணும். எப்ப வரலாம், எப்ப கூடாதுன்னு அந்த வீட்டுக்காரங்கதான் சொல்லணும். திராட்சைத் தோட்டத்துல எந்தப் பந்தல்ல பறிக்கலாம்னு தோட்டக்காரர் சொல்லணும்.

நாலாவது சாப்பாடு. கம்பம் பள்ளத்தாக்கைக் காட்டறேன்னு கூட்டிட்டு வந்து, எல்லா ஊர்லயும் கிடைக்கிற பன்னீர் பட்டர் மசாலாவைப் போட்டு அனுப்பறது என்ன நியாயம்? கேப்பைக்களியைக் கிண்டச் சொல்லுங்க. கட்டி விழாம கிண்டறதுக்குள்ள தோள்பட்டை கழண்டிரும். அப்புறம் கருவாட்டுக் குழம்போட அதைத் தின்னா அதோட ருசியே தனி. கம்பம், உத்தமபாளையத்துல ராவுத்தர் வீட்டு பிரியாணி இருக்கு. போடியில ஏலக்கா பொறுக்குற பொம்பளைங்ககூட ஒரு முறத்தை வச்சுக்கிட்டுப் பத்து நிமிசம் உக்காந்து தரம் பிரிச்சுப் பாக்கட்டும். கண்ணு வலிக்கும். அதுக்கப்புறம் குடிக்கிற ஏலக்கா டீ வேற டீ. இதையெல்லாம் சமைச்சுப் போட ஊருக்கு ஊர் மகளிர் குழு இருக்கு, அவங்களுக்கு ஹோட்டல் விலையே கொடுக்கலாம்.

"காசு வாங்கிட்டா விருந்தோம்பல் என்னாகறது?"ன்னு கேக்கலாம். பெரியம்மாவே அதைத்தான் கேப்பாங்க. நான் சொல்றது இதான். எனக்குப் போட்ட காப்பி விருந்தோம்பல். தலைக்கு இவ்வளவுன்னு டிக்கெட் போட்டு வித்துட்டு, பெரியம்மாவோட அரை மணி நேரத்தை ஓசியில எடுத்துக்கறது விருந்தோம்பல் இல்லை. அவங்க கேக்க மாட்டாங்கன்னு தெரிஞ்சே கேக்காம விடறதுக்குப் பேரு வேற.

தேக்கடி போற வழியில எங்க பக்கம் யாராவது வந்தீங்கன்னா, தாராளமா வாங்க, உக்காருங்க, கத்துக்கங்க. கூட்டிட்டு வர்றவர்கிட்ட ஒரே ஒரு கேள்வி மட்டும் கேளுங்க: "இதுல இந்தம்மாவுக்கு எவ்வளவு?"

கிளம்பறப்ப பெரியம்மாகிட்ட இதையெல்லாம் சொன்னேன். முழுசாக் கேட்டுட்டு, "அதெல்லாம் இருக்கட்டும், அந்தச் சின்னப் பிள்ளை சுத்தின தாரு இருக்குல்ல, நல்லாத்தான் சுத்திருக்கு. நாளைக்கு அதையும் நாடாவுல போட்டு நெஞ்சுருவேன்"னாங்க.