ஓநாயின் மீது போட்ட பழி

நபி யூசுப் (அலை) அவர்களின் வரலாற்றைக் கேளாத முஸ்லிம் இல்லம் உண்டா? உடன்பிறந்தோரே அவரைப் பாழ்ங்கிணற்றில் போட்டனர். இருட்டிய பின் அழுதுகொண்டு வீடு திரும்பினர். ஓநாய் தின்றுவிட்டதாகத் தந்தையிடம் கூறி, பொய்க் குருதி தோய்ந்த சட்டையைச் சாட்சியாகக் காட்டினர். சட்டையில் குருதி இருந்தது, கிழிசல் இல்லை. தந்தை அதைக் கண்டுகொண்டார் என்பர் திருமறை விரிவுரையாளர்கள். சிறுவனைக் கடித்துத் தின்ற ஓநாய், சட்டையை மட்டும் பதமாகக் கழற்றி வைத்துவிட்டா தின்றிருக்கும்?

அன்று அந்த வாயில்லாப் பிராணியின் மீது விழுந்த பழி இன்றளவும் நீங்கவில்லை. பச்சிளம் பிள்ளையைப் பாழாக்கியவனை 'மனித மிருகம்' என்று எழுதுகிறோம். அப்படி எழுதியதும் நம் மனம் ஆறிவிடுகிறது. மிருகமென்றால் அது எங்கோ காட்டிலிருந்து வந்தது. நம் வீட்டைச் சேர்ந்ததன்று என்பது நமக்கு ஓர் ஆறுதல். அந்த ஆறுதலே பொய் என்கிறோம் நாம்.

திருவண்ணாமலையை எடுத்துக்கொள்வோம். 14 கிலோமீட்டர் கிரிவலப் பாதை சுற்றிவரும் அந்த மலையை ஒட்டிய காட்டில் புள்ளிமான்கள் வாழ்கின்றன. அங்கே புலி இல்லை. கோடையில் தண்ணீர் தேடிக் கீழே இறங்கும் மான்களைக் கடித்துக் குதறுபவை தெருநாய்கள். இச்செய்தி பலமுறை வந்ததுண்டு. ஆபத்து காட்டிலிருந்து ஊருக்குள் வருவதாக நாம் எண்ணுகிறோம். அங்கோ அது ஊரிலிருந்து காட்டுக்குள் போகிறது!

அதே மாவட்டத்தில், போளூரை அடுத்த அத்திமூர் கிராமத்தில், 2018 மே 9 அன்று நடந்ததை மறக்க முடியுமா? குலதெய்வக் கோயிலைத் தேடிச் சென்னையிலிருந்து காரில் வந்த ஒரு குடும்பத்தார் வழி கேட்க நின்றனர். அவர்களுள் ஒரு மூதாட்டி, அங்கிருந்த குழந்தைகளுக்கு மிட்டாய் கொடுத்தார். பிள்ளை பிடிக்கும் கும்பல் நடமாடுவதாக வாட்ஸ்அப்பில் வதந்தி பரவியிருந்த வேளை அது. ஊர் திரண்டது, அடித்தது. அறுபதைக் கடந்த அந்த அம்மையார் மாண்டார். உடன் வந்தோர் படுகாயமுற்றனர். பிள்ளைகளைக் காப்பதாக எண்ணியவர்களே அன்று வேட்டையாடினார்கள். தீயவன் கொண்டுவரும் செய்தியைத் தீர விசாரியுங்கள் என்று 'ஹுஜுராத்' அத்தியாயம் கட்டளையிடுகிறது. அந்தக் கட்டளையை ஓதுகிற நம் கைகளும் கைப்பேசியில் எத்தனை வதந்திகளைத் தள்ளிவிட்டிருக்கின்றன!

அந்நியர்மீது கல்லெறிந்தோம். அறிந்தவர் என்ன செய்தார்? 2025 மார்ச்சில், தியானம் செய்யவென்று திருவண்ணாமலை மலையேறிய வெளிநாட்டுப் பெண்மணியிடம் வல்லுறவுக் குற்றம் புரிந்ததாகக் கைதானவர், அவருக்கு வழிகாட்டியாகச் சென்றவர். அதே ஆண்டு செப்டம்பர் இறுதியில், ஆந்திராவிலிருந்து வந்த இளம்பெண் ஒருத்தியிடம் அதே கொடுமையைச் செய்ததாகக் கைதானவர்கள், இரவுக் காவலில் இருந்த இரண்டு போலீஸ்காரர்கள். வழிகாட்டி, காவலர் என்னும் இவ்விரு பெயர்களையும் கேட்டால் அஞ்சத் தோன்றுமா?

வேட்டை விலங்கின் இலக்கணம் என்ன? பற்களும் நகங்களுமா? அவை கடைசியில்தான் தெரியும். புலி நெடுந்தூரம் துரத்தி ஓடவல்லதன்று. ஆகவே புதரில் பதுங்கி, ஓரிரு பாய்ச்சலில் எட்டும் தூரம்வரை ஓசையின்றி நெருங்கும். கூட்டத்தின் நடுவே நிற்கும் மானை விட்டுவிட்டு, விலகி நிற்பதையும் நலிந்ததையும் குறிவைக்கும். இதனினும் வியப்பு ஒரு சிலந்தி. முசுற்றெறும்பின் நிறத்தையும் வடிவத்தையும் கொண்டு, அந்த எறும்புகளின் அருகிலேயே உலவி, அவற்றையே பிடித்துண்ணும் சிலந்தி நம் நாட்டில் உண்டு. எறும்புக்கு அது உறவினனாகவே தோன்றும்!

குழந்தைகளை வேட்டையாடும் மனிதனும் இவ்வாறே வருகிறான். 2021 ஆம் ஆண்டுக்கான தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் கணக்கைப் பாருங்கள். குழந்தைகள்மீதான வல்லுறவு வழக்குகளில் 100-க்கு 90-க்கும் மேற்பட்டவற்றில், குற்றம் சாட்டப்பட்டவர் குழந்தைக்கு முன்பே அறிமுகமானவர்: உறவினர், அண்டைவீட்டார், குடும்ப நண்பர். அவன் முதலில் வசப்படுத்துவது பிள்ளையையன்று, பெற்றோரை. தந்தை வளைகுடாவில் இருக்க, தாய் தனித்து நிற்கும் வீட்டுக்குக் கடைகண்ணிக்குப் போய்வரும் உபகாரியாக நுழைகிறான். பிறகு பிள்ளைக்குத் தனிப் பரிசு, தனிச் சலுகை, தனியிடம். தற்செயல்போல் ஒரு தொடுகை. எதிர்ப்பு எழாவிட்டால் இன்னொரு படி. "உம்மாவிடம் சொல்லாதே" என்று ஓர் இரகசியம். முடிவில், சொன்னால் உன்னைத்தான் ஏசுவார்கள் என்னும் மிரட்டல். கிழியாத சட்டை இதுதான். குருதியைக் கண்டு கதறும் நாம் இந்தத் தடயங்களை ஏன் பார்ப்பதில்லை?

"அப்படியானால் மாமனையும் சாச்சாவையும் உஸ்தாதையும் சந்தேகிக்கச் சொல்கிறீர்களா?" என்று சிலர் சீறுவர். முகத்தைச் சந்தேகிக்கச் சொல்லவில்லை. முகத்தை மட்டும் பார்த்ததன் விளைவு அத்திமூர். செயலைக் கவனியுங்கள் என்கிறோம். நல்ல மனிதருக்குப் பிள்ளையோடு தனியறையும் தேவையில்லை, இரகசியமும் தேவையில்லை. கதவைத் திறந்து வைக்கச் சொன்னால் நல்லாசிரியர் மகிழ்வார். பள்ளிக்கூடமாயினும் மத்ரஸாவாயினும் அதுவே ஒழுங்கு.

காட்டிடம் நாம் கற்கவேண்டிய இன்னொரு பாடம் உண்டு. முதுமலையில் மந்தி மரத்தின்மேலிருந்து சிறுத்தையைக் கண்டால் உரக்கக் கத்தும். கீழே மேயும் புள்ளிமான் குரல் கொடுக்கும். மறைவு கலைந்தது என்று அறிந்ததும் வேட்டை விலங்கு பெரும்பாலும் முயற்சியைக் கைவிட்டு நடந்துவிடும். மானைக் காப்பது கொம்பன்று; குரல். நம் வீடுகளிலோ குரல் எழுப்பிய பிள்ளையின் வாயைப் பொத்துகிறோம். "வெளியே தெரிந்தால் யார் கட்டுவார்கள்?" என்கிறாள் பாட்டி. "பேசித் தீர்த்துக்கொள்வோம்" என்கின்றனர் பெரியவர்கள். ஒரு பஞ்சாயத்து, ஒரு மன்னிப்பு. பின் அதே கை அடுத்த வீட்டுப் பிள்ளையைத் தேடுகிறது. இப்படி மூடிய கதைகள் நாம் அறிந்தவையே, நீங்களும் அறிந்தவையே. அதற்கு மானம் என்று பெயர் சூட்டாதீர்கள்! வேடனுக்கு நாம் கட்டித் தந்த புதர் அது.

2012 ஆம் ஆண்டின் போக்சோ சட்டம், இத்தகைய குற்றம் நடந்ததை அறிந்தவர் காவல்துறைக்குத் தெரிவித்தே தீரவேண்டும் என்கிறது, மறைப்பதும் தண்டனைக்குரியது. 1098 என்னும் எண் பிள்ளைகளுக்காகவே உள்ளது. ஊர் கூடி அடிக்கவும் வேண்டாம். ஊர் கூடி மூடவும் வேண்டாம். இரண்டுமே விசாரணையைக் கொல்பவை. ஜமாஅத்துப் பெரியவர்கள் செய்யத்தக்க நற்பணி, சொல்ல வந்த தாயோடு காவல் நிலையம்வரை நடந்து செல்வது.

பசித்த புலி தின்கிறது; பசி தீர்ந்தால் படுத்துவிடுகிறது. அதற்கு வேறு உணவும் இல்லை. நன்மை தீமை பகுத்தறியும் பொறுப்பும் இல்லை. மனிதனுக்கு அந்தப் பொறுப்பு உண்டு. ஆதலால் அவனை மிருகம் என்று சொல்லித் தப்பவிடாதீர்கள். மனிதன் என்றே சொல்லிக் கணக்குக் கேளுங்கள்.

இன்றிரவு உங்கள் பிள்ளையை அருகில் அமர்த்தி, "யார் எதைச் சொன்னாலும் என்னிடம் சொல்லலாம், நான் உன்னை ஏசமாட்டேன்" என்று கூறுங்கள். நாளை அது எதையேனும் சொல்ல வந்தால், பொறுமையோடு கேளுங்கள். யார் அழுதுகொண்டு வந்து ஓநாயின் மீது பழி சொன்னாலும், முதலில் சட்டையை வாங்கிப் பாருங்கள்.