மீதி எத்தனை மேட்ச்னு கேக்காதீங்க அண்ணாச்சி!

ஜூலை மாசம் பிறந்தா திருநெல்வேலியில ரெண்டு விஷயம் நிச்சயம். ஒண்ணு, குற்றாலத்துல தண்ணி விழுதான்னு விசாரிக்கிறது. இன்னொண்ணு, "நெல்லைக்கு இன்னும் எத்தனை மேட்ச் இருக்கு? உள்ள போயிருவாங்களா?" என்று விசாரிக்கிறது. டீக்கடை, காலேஜ் கேண்டீன், ஜங்ஷன் பஸ் ஸ்டாண்ட் என்று எங்கே பார்த்தாலும் ஒருத்தர் விரல் விட்டு எண்ணிக்கொண்டிருப்பார். "திண்டுக்கல் தோத்து, மதுரை ஜெயிச்சு, சேப்பாக்கம் மேட்ச்ல மழை வந்தா நாம உள்ள!"

எண்ணுவதில் தப்பில்லை. ஆனால் எண்ண ஆரம்பிக்கிற நேரம்தான் தப்பு. ஒரு டீம் பிளே-ஆஃப் போகுமா போகாதா என்பதில் பாதி, ஏற்கெனவே ஆடித் தோற்ற மேட்ச்களில் எழுதப்பட்டிருக்கிறது. மீதி மேட்ச் அட்டவணையை மட்டும் பார்ப்பவர்கள் அந்தப் பாதியைப் பார்ப்பதே இல்லை. இந்தக் கட்டுரை சொல்ல வருவது அவ்வளவுதான். அதற்குக் கொஞ்சம் கணக்கு வேண்டும், பயப்பட வேண்டாம், எல்லாம் ஆறாம் வகுப்புக் கணக்கு :-)

ஏழே ஏழு மேட்ச்

டிஎன்பிஎல்-லில் எட்டு டீம். ஒவ்வொரு டீமும் மற்ற ஏழு டீம்களோடு ஒரே ஒரு முறை மோதும். மொத்தம் 28 லீக் மேட்ச், 56 புள்ளி. முதல் நான்கு இடம் பிடித்தவர்கள் பிளே-ஆஃபுக்குப் போவார்கள்.

மழையை ஒதுக்கிவிட்டுக் கணக்குப் போட்டால் ஒரு வேடிக்கை தெரியும். ஆறு வெற்றி பெற்ற டீமை யாராலும் வெளியே தள்ள முடியாது. ஐந்து டீம் ஆளுக்கு ஆறு வெற்றி என்றால் 30 வெற்றி வேண்டும், இருப்பதோ 28 மேட்ச். ஆனால் ஐந்து வெற்றி, அதாவது 10 புள்ளி எடுத்தும் வெளியே போக வாய்ப்பிருக்கிறது. மேலே உள்ள ஐந்து டீமும் கீழே உள்ள மூன்று டீமையும் அடித்துவிட்டு, தங்களுக்குள் ஆளுக்கு இரண்டு ஜெயித்தால் ஐந்து பேருக்கும் 10 புள்ளி. நான்கு நாற்காலி, ஐந்து ஆள்!

தலைகீழாகவும் நடக்கலாம். முதல் மூன்று டீம் மற்ற ஐந்து டீம்களையும் துவைத்து எடுத்துவிட்டால், அந்த ஐந்து டீம் தங்களுக்குள் ஆளுக்கு இரண்டு ஜெயித்து, இரண்டே வெற்றியோடு ஒரு டீம் நான்காவது இடத்துக்கு வரலாம். ஏழில் ஐந்து தோற்றும் பிளே-ஆஃப்!

ஆக, இரண்டு வெற்றியிலிருந்து ஐந்து வெற்றி வரை எதுவும் உறுதி இல்லை. அந்த இடைவெளியில் பல சமயம் முடிவு செய்வது நெட் ரன் ரேட் என்கிற அந்தத் தசமப் புள்ளி சமாச்சாரம்தான்.

பற்று வரவு

நெட் ரன் ரேட்டை பலர் ஜோசியம் மாதிரி நினைக்கிறார்கள். அது வெறும் பற்று வரவுக் கணக்கு. சீசன் முழுக்க ஓவருக்கு எத்தனை ரன் எடுத்தாய் என்பதிலிருந்து, ஓவருக்கு எத்தனை ரன் கொடுத்தாய் என்பதைக் கழிக்க வேண்டும். ஒரே ஒரு கண்டிஷன், ஆல் அவுட் ஆனால் 15 ஓவரில் ஆனாலும் 20 ஓவர் ஆடியதாகத்தான் கணக்கு.

ஒரு உதாரணம். எதிரணி 180 அடிக்கிறது. நம்பிக்கை போன பிறகு கடைசி நான்கு ஓவரைத் தட்டித் தட்டி ஆடி 140-ல் முடிக்கிறது ஒரு டீம். 40 ரன் தோல்வி, அந்த மேட்சில் மைனஸ் 2. அதே டீம் 165 வரை வந்து தோற்றிருந்தால் மைனஸ் 0.75. இரண்டுக்கும் புள்ளி பூஜ்யம்தான். அடுத்த நாள் பேப்பரில் "தோல்வி" என்றுதான் வரும். ஆனால் ஏழு மேட்ச் சீசனில் அந்த 25 ரன்னின் மதிப்பு கிட்டத்தட்ட 0.18. ஐபிஎல்-லில் இதைவிடக் குறைந்த வித்தியாசத்தில் டீம்கள் வீட்டுக்குப் போயிருக்கின்றன.

நெல்லை ராயல் கிங்ஸ் கதையிலேயே ஒரு பாடம் இருக்கிறது. 2021-ல் காஞ்சி வீரன்ஸ் டீம் கைமாறி நெல்லைக்கு வந்தது. 2023-ல் அந்த டீம் ஃபைனல் வரை போனது. ஃபைனல் நடந்ததும் சங்கர் நகர் மைதானத்தில்தான், சொந்த ஊர்க் கூட்டத்துக்கு முன்னால். கோவை கிங்ஸ் 205 அடித்தது. நெல்லை 101-க்கு ஆல் அவுட். 104 ரன் தோல்வி. ஃபைனல் என்பதால் அதோடு முடிந்தது. இதே தோல்வி லீகில் முதல் மேட்சில் வந்திருந்தால்? அந்த ஒரு மேட்சுக்கு மைனஸ் 5.2. ஏழாக வகுத்தால் சீசன் முழுக்க சுமார் மைனஸ் 0.74 முதுகில் ஏறி உட்கார்ந்திருக்கும். அந்தக் கடனை அடைக்க மற்ற மேட்ச்களில் மொத்தமாக 104 ரன் வித்தியாசம் சம்பாதிக்க வேண்டும். அப்புறம் ஜூலையில் உட்கார்ந்து "மதுரை தோத்தா..." என்று எண்ணி என்ன புண்ணியம்?

மஞ்சள் சட்டையும் 19 ரன்னும்

நெல்லைக்காரர்கள் சிஎஸ்கேவையும் சொந்த டீமாக நினைப்பதற்கு ஒரு காரணம் உண்டு. 2008-ல் அந்த டீமை ஏலத்தில் எடுத்தது இந்தியா சிமெண்ட்ஸ். அதன் முதல் ஆலை 1949-ல் வந்தது தாழையூத்து பக்கம் சங்கர் நகரில். கம்பெனியைத் தொடங்கியவர்களில் ஒருவரான சங்கரலிங்க ஐயர், தாமிரபரணிக் கரையில் இருக்கிற கல்லிடைக்குறிச்சிக்காரர். அதனால் சிஎஸ்கே கதையைச் சொன்னால் அதுவும் உள்ளூர்க் கதைதான்.

2024 மே 18, பெங்களூரு. ஆர்சிபிக்கும் சிஎஸ்கேவுக்கும் கடைசி லீக் மேட்ச். ஆர்சிபி 218 அடித்தது. சிஎஸ்கே ஜெயிக்கக்கூட வேண்டாம், 201 எடுத்தால் தோற்றாலும் பிளே-ஆஃப். கடைசி ஓவரில் அதற்கு 17 ரன் வேண்டும். யஷ் தயாள் பந்து வீச்சு. தோனி முதல் பந்தில் சிக்ஸர், அடுத்த பந்தில் அவுட். முடிவு 191. பத்து ரன் குறைவு. இரண்டு டீமுக்கும் 14 புள்ளி. ஆர்சிபியின் நெட் ரன் ரேட் 0.459, சிஎஸ்கேவுக்கு 0.392.

அன்று ராத்திரி எல்லாரும் அந்தக் கடைசி ஓவரைத்தான் பேசினார்கள். தோனி இன்னும் முன்னாடி இறங்கியிருக்கணும், அந்த ஷாட் ஆடியிருக்கக் கூடாது என்று ஆளாளுக்கு ஒரு தீர்ப்பு. ஆனால் 0.067 என்கிற அந்த வித்தியாசத்தை 14 மேட்சின் ஓவர்களால் பெருக்கிப் பாருங்கள். ஏறக்குறைய 19 ரன். அதாவது மேட்சுக்கு ஒன்றரை ரன்கூட இல்லை!

எட்டே நாள் முன்னால், மே 10 அன்று அகமதாபாத்தில் குஜராத்திடம் சிஎஸ்கே தோற்றது. குஜராத் 231, சிஎஸ்கே 196. 35 ரன் தோல்வி. அதே மேட்சை 15 ரன்னில் தோற்றிருந்தால், பெங்களூருவில் அந்த 191-ஏ போதுமானதாக இருந்திருக்கும். அகமதாபாத் தோல்வியை யாரும் அன்றைக்குப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை, "இன்னும் ரெண்டு மேட்ச் இருக்கு" என்றுதான் சொன்னார்கள்.

மறுபக்கம் ஆர்சிபியைப் பாருங்கள். முதல் எட்டு மேட்சில் ஒரே ஒரு வெற்றி. "மீதி மேட்ச்" கணக்குப்படி அவர்கள் ஏப்ரல் மாசமே காலி. கடைசி ஆறையும் தொடர்ந்து ஜெயித்து உள்ளே வந்தார்கள்.

இதே இரண்டு டீம் 2012-ல் தலைகீழாக நின்றன. சிஎஸ்கே தன் 16 மேட்சையும் முடித்துவிட்டுச் சும்மா உட்கார்ந்திருந்தது. மீதி மேட்ச் பூஜ்யம்! மே 20 அன்று ஆர்சிபி கடைசி மேட்சில் டெக்கான் சார்ஜர்ஸிடம் 9 ரன்னில் தோற்றது. இருவருக்கும் 17 புள்ளி. நெட் ரன் ரேட்டில் சிஎஸ்கே உள்ளே போய், ஃபைனல் வரை ஆடியது. எப்போதோ சேர்த்து வைத்த ரன், கை ஓய்ந்த நேரத்தில் சோறு போட்டது.

அட்டவணையைப் பார்க்கவே கூடாதா?

பார்க்கலாம். ஆனால் கேள்வி வேறு. "மீதி இருக்கிறது பலமான டீமா, நோஞ்சான் டீமா?" என்றுதான் பெரும்பாலும் கேட்கிறார்கள். கேட்க வேண்டியது, "நாலாவது இடத்துக்குப் போட்டி போடுகிற டீமோடு மேட்ச் மீதி இருக்கா?" என்பது. கடைசி இடத்தில் இருக்கிற டீமை ஜெயித்தால் இரண்டு புள்ளி. பக்கத்து நாற்காலிக்காரனை ஜெயித்தால் தனக்கு இரண்டு வரவு, அவனுக்கு இரண்டு கிடைக்காமல் போகிறது. நெட் ரன் ரேட்டும் அப்படியே, தான் ஏறுவது ஒரு பங்கு, அவன் இறங்குவது ஒரு பங்கு. 2024-ல் பெங்களூருவில் நடந்தது அதுதான். 19 ரன் பள்ளத்தை அங்கே பத்தே ரன்னில் அடைத்திருக்கலாம்.

"தோக்கிற மேட்சில் ரன் ரேட் பார்த்து ஆடுவது கோழைத்தனம், ஜெயிக்கத்தான் ஆடணும்" என்று ஒரு கட்சி உண்டு. நியாயமான பேச்சு. ஜெயிக்க வழி இருக்கும்வரை அதற்காக ஆல் அவுட் ஆனாலும் பரவாயில்லை. 2023 குவாலிஃபயர் 2-ல் திண்டுக்கல்லுக்கு எதிராக நெல்லைக்கு 12 பந்தில் 37 வேண்டியிருந்தது. அஜிதேஷும் ரித்திக் ஈஸ்வரனும் சேர்ந்து 19-வது ஓவரில் மட்டும் 33 ரன் எடுத்து ஜெயித்தார்கள். அன்று யாராவது "கணக்கோட ஆடு" என்று சொல்லியிருந்தால் ஃபைனலே இல்லை.

ஆனால் உண்மையிலேயே வழி அடைபட்ட பிறகு? அப்போதுதான் எட்டாவது, ஒன்பதாவது பேட்ஸ்மேன் எடுக்கிற ஒவ்வொரு ரன்னும் ஜூலை மாசத்துக்கான சேமிப்பு. பந்து வீசும்போதும் அப்படியே. 150-ஐ எதிரணி 15 ஓவரில் அடித்துவிட்டுப் போவதும், 19 ஓவர் வரை இழுபடுவதும் ஒன்றல்ல. முதல் வகையில் மைனஸ் 2.5, இரண்டாவதில் மைனஸ் அரை கூட இல்லை. தோற்ற மேட்சில் ஃபீல்டர் பாய்ந்து தடுக்கிற ஒரு பவுண்டரிக்கு யாரும் கை தட்டுவதில்லை. தட்ட வேண்டும்.

இதில் என்ன போகுது?

"விளையாட்டுதானே, ஏன் இவ்வளவு கணக்கு?" என்று கேட்கலாம். சிஎஸ்கே வெளியே போனால் ரசிகனுக்கு ஒரு வாரம் சோகம், ஆட்டக்காரர்களுக்குப் பெரிய நஷ்டம் இல்லை. டிஎன்பிஎல் அப்படி இல்லை. அங்கே ஆடுகிற பல பசங்களுக்கு டிவியில் தெரிகிற நாட்கள் வருஷத்துக்கு அந்த ஏழுதான். நடராஜன் 2016 டிஎன்பிஎல்-லில் யார்க்கர் போட்டதைப் பார்த்துத்தான் 2017 ஐபிஎல் ஏலத்தில் பஞ்சாப் மூன்று கோடி கொடுத்தது. வருண் சக்கரவர்த்தி 2018-ல் மதுரை பேந்தர்ஸுக்கு ஆடினார், அந்த டீம் கோப்பையை வென்றது, அந்த டிசம்பரில் அவர் விலை 8.4 கோடி.

பிளே-ஆஃப் போன டீமின் பையனுக்கு ஒன்று முதல் மூன்று மேட்ச் கூடுதலாகக் கிடைக்கிறது. அதுவும் எல்லாரும் பார்க்கிற மேட்ச். 2023-ல் நெல்லை ஏழுக்குப் பதில் பத்து மேட்ச் ஆடியது. அந்த சீசனில் அதிக ரன் எடுத்த அஜிதேஷின் 385-ல் ஒரு 73, லீக் முடிந்த பிறகு வந்த அந்தத் திண்டுக்கல் மேட்சில் எடுத்தது. ஜூன் மாசம் ஒரு தோற்ற மேட்சின் கடைசி ஓவரில் விட்டுக்கொடுத்த பத்து ரன், இப்படி ஒரு பையனின் வாய்ப்பை எடுத்துவிடலாம்.

டிவிக்காரர்கள் ஒரு சின்ன உதவி செய்யலாம். டேபிளில் 0.392 என்று போடுவதற்குப் பதில் "நாலாவது இடத்துக்கு 19 ரன் பாக்கி" என்று போட்டால் பாட்டிக்கும் புரியும், பந்து வீசுகிற பையனுக்கும் புரியும். முதல் மேட்சிலிருந்தே போட வேண்டும். தசமப் புள்ளிக்குள் கடன் ஒளிந்திருப்பதால்தான் யாருக்கும் அது உறைப்பதில்லை.

அதுவரை நெல்லை ரசிகர்கள் ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கிக்கொள்ளலாம். ஜெயித்தால் எத்தனை ரன்னில், தோற்றால் எத்தனை ரன்னில் என்று முதல் மேட்சிலிருந்தே இரண்டு பத்தி. ஐந்து மேட்ச் முடிந்ததும் கூட்டிக் கழித்துப் பார்த்தால், மீதி இரண்டு மேட்சில் என்ன செய்ய வேண்டும் என்பதை அந்த நோட்டே சொல்லும். திண்டுக்கல் மேட்சில் மழை வருமா என்று குற்றாலம் பக்கம் வானத்தைப் பார்க்கிற வேலை மிச்சம்.