ராசம்மா என்ற பெயர்

கண்டியிலிருந்து நுவரெலியாவுக்குச் சுற்றுலா போகும் எவரும் இறம்பொடையில் பஸ்ஸை நிறுத்தாமல் போவதில்லை. நீர்வீழ்ச்சியைப் பார்ப்போம், படம் எடுப்போம், ஏறிவிடுவோம். அந்த ஊரில் 1923 ஜனவரி 15ஆம் திகதி பிறந்த ஒரு பெண்ணைப் பற்றி எங்களில் எத்தனை பேர் அறிவோம்?

அவர் பெயர் டெய்ஸி ராசம்மா டேனியல்ஸ். கொழும்புச் செட்டிக் கிறிஸ்தவக் குடும்பத்துப் பிள்ளை. 1947இல் திரைக்கு வந்த முதலாவது சிங்களப் பேசும் படமான ‘கடவுனு பொறொந்துவ’வின் கதாநாயகி அவரே. அந்தப் படம் தயாரானதும் தமிழ்நாட்டு மதுரையில்தான். ருக்மணி தேவி என்ற பெயரில் நடிகையாகவும் பாடகியாகவும் அவர் புகழ் பெற்றார். 1978 ஒக்டோபரில் வீதி விபத்தொன்றில் காலமானார். அடுத்த ஏப்ரலில்தான் இலங்கைக்குத் தொலைக்காட்சி வந்தது. சிங்கள இரசிகர்கள் இன்றும் ருக்மணி தேவியைக் கொண்டாடுகிறார்கள். ராசம்மா என்ற பெயரோ தமிழ் பேசும் எங்கள் வீடுகளில்கூடக் கேட்பதில்லை.

அமெரிக்காவில் இதற்கு மாறான ஒரு கதை நடந்தது. சீன வம்சாவளி நடிகை அன்னா மே வொங், 1951இல் டுமோன்ட் தொலைக்காட்சியில் ஒரு துப்பறியும் தொடரின் நாயகியானார். ஆசிய வம்சாவளியினர் ஒருவர் முதன்மைப் பாத்திரம் ஏற்ற முதல் அமெரிக்கத் தொடர் அது. அவரது இயற்பெயரான லியு சொங் என்பதே தொடரின் தலைப்பிலும் இடம்பெற்றது. ஆனால் அதன் ஒரு பிரதிகூட இன்று கிடைப்பதில்லை. பெயர் மட்டும் மிஞ்சியதால்தான் அப்படி ஒருவர் நடித்தார் என்று நாம் அறிகிறோம்.

இதை நான் எழுதக் காரணம் என் தோழி. நல்ல கவிதை எழுதுவாள். ஆனால் தன் பெயரைப் போடமாட்டாள். “பொம்புளப் புள்ளட பேர் ஊரெல்லாம் தெரியணுமா?” என்று வீட்டில் கேட்டார்களாம். புனைபெயரைத் தானே விரும்பிச் சூடுவது அழகு. பயந்து சூடுவது இழப்பு.

பெற்றோரின் கவலை எனக்குப் புரிகிறது. எங்கள் மீதுள்ள அன்பில் பிறந்த கவலை அது. ஆயினும் நாணம் எழுத்திலும் நடத்தையிலும் இருக்க வேண்டியது, பெயரை மறைப்பதில் அல்ல. ஆயிஷா (ரழி) அவர்கள் அறிவித்த ஹதீஸ்கள் இரண்டாயிரத்துக்கும் அதிகம். அவை ஒவ்வொன்றையும் அவர்களின் பெயரோடுதான் நாம் ஓதுகிறோம்.

சென்ற நோன்பில் என் உம்மும்மா, சிறு வயதில் பாடசாலை நாடகமொன்றில் அரசியாக நடித்ததைச் சொன்னார். வசனம்கூட மறக்கவில்லை. அந்த நாடகத்தில் அவர் நடித்ததாக எங்கும் ஒரு வரி எழுதப்படவில்லை. நான் கேட்டிருக்காவிட்டால் அவரோடு அதுவும் போயிருக்கும்.

மாணவிகளே, உங்கள் உம்மும்மாவிடமும் கேட்டு எழுதி வையுங்கள். பெற்றோர்களே, அடுத்த இதழில் என் தோழியின் கவிதைக்குக் கீழே அவளுடைய சொந்தப் பெயர் வர இடம் கொடுங்கள்.