கதவைத் தட்டுவது யார்?

'நில உரிமையாளருக்குப் போலீஸ் பாதுகாப்பு வழங்க நீதிமன்றம் உத்தரவு' என்ற செய்தியைப் படித்தால் எங்கள் வீட்டில் முதலில் வருவது கோபம்தான். தோட்டத்தை விட்டுக் கிள்ளானுக்கு வந்த என் தாத்தாவுக்குப் போலீஸ், பெய்லிப், மண்வாரி இயந்திரம் மூன்றும் ஒரே கட்சி. 2009 செப்டம்பரில் பினாங்கு கம்போங் புவா பாலாவில் வீடுகள் இடிக்கப்பட்டதை இன்றும் சொல்லிக் குமுறுவார். நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். சுபாங் ஜெயா சீபில்ட் ஸ்ரீ மகா மாரியம்மன் ஆலய விவகாரத்தை ஆரம்பத்திலிருந்து படித்த பிறகு அந்த எண்ணம் ஆட்டம் கண்டது.

அந்த ஆலயம் நூறாண்டைக் கடந்தது. தோட்டம் மறைந்து, நிலம் கைமாறி, கடைசியில் ஒரு மேம்பாட்டு நிறுவனத்திடம் போனது. ஆலய நிர்வாகத்திலும் இரண்டு தரப்பு. (நம் ஆலயங்களில் இது புதிதா என்ன?) 2014 மார்ச் 11ஆம் தேதி ஷா ஆலம் உயர் நீதிமன்றத்தில் இணக்கத் தீர்ப்பு பதிவானது. ஆலயம் யு.எஸ்.ஜே. 23க்கு மாற வேண்டும். மாற்று நிலத்தோடு 15 லட்சம் வெள்ளியும் தரப்படும் என்பது ஏற்பாடு. ஆனால் எல்லாரும் அதை ஏற்கவில்லை. இழுபறி நான்கு ஆண்டுக்கு மேல் நீடித்தது.

2018 நவம்பர் 26 அதிகாலை. ஆலயத்துக்குள் ஒரு கும்பல் புகுந்தது. வந்தவர்கள் நீதிமன்ற அதிகாரிகள் அல்ல. நிறுவனத்தின் வழக்கறிஞர் தரப்பு கூலிக்கு அமர்த்திய ஆட்கள் என்று அப்போதைய உள்துறை அமைச்சர் முஹிடின் யாசின் கூறினார், நிறுவனம் மறுத்தது. வாகனங்கள் எரிந்தன. மறுநாள் அதிகாலை, தீயை அணைக்க வந்த முகமட் அடிப் படுகாயமடைந்தார். டிசம்பர் 17இல் இறந்தார். வயது 24. என்னைவிட நான்கு வயதுதான் மூத்தவர். நிலத்துக்கும் அவருக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. அடையாளம் தெரியாத சிலரின் குற்றச்செயலே மரணத்துக்குக் காரணம் என்று 2019 செப்டம்பரில் மரண விசாரணை நீதிமன்றம் முடிவு கூறியது.

தீர்ப்பு காகிதத்தில் இருந்தது. அதை நிறைவேற்றப் பகலில், சீருடையில், பெயர் சொல்லக்கூடிய அதிகாரிகள் வந்திருந்தால் அந்த இரவு நேர்ந்திருக்குமா? கோபமும் மறியலும் இருந்திருக்கும். ஆனால் வந்தது யார் என்ற வதந்திக்கு இடம் இருந்திருக்காது. அந்த வதந்திதான் ஒரு நிலத் தகராறை இனப் பிரச்சினையாகத் திரித்தது.

சட்டம் நமக்குச் சாதகமாக இல்லை என்பதையும் மறைக்கக் கூடாது. பிறர் நிலத்தில் எத்தனை காலம் குடியிருந்தாலும் அத்துமீறிக் குடியேறியவருக்கு உரிமை பிறக்காது என்று 1982இலேயே, பேராக் அரசாங்கத்துக்கு எதிராக சிடேக் என்பவர் தொடுத்த வழக்கில், நம் உச்ச நிலை நீதிமன்றம் சொல்லிவிட்டது. இது தோட்ட மக்களின் வரலாற்றுக்கு அநீதி என்றே நினைக்கிறேன். அதை மாற்ற வேண்டியது நாடாளுமன்றம். ஆனால் அதே சட்டம் உரிமையாளரையும் கட்டிப் போடுகிறது. ஒப்பந்தம் முடிந்தும் காலி செய்யாத வாடகைக்காரரைக்கூட வீட்டுக்காரர் தானாக வெளியேற்ற முடியாது. நீதிமன்றம் போக வேண்டும் என்கிறது 1950ஆம் ஆண்டின் குறிப்பிட்ட நிவாரணச் சட்டம். வெளியேற்றும் ஆணையை நிறைவேற்றுவது பெய்லிப்பின் வேலை. கலவரம் வரலாம் என்றால் போலீஸ் துணைக்கு வரும்.

இப்போது தாத்தாவிடம் நான் வாதாடுவது இதைத்தான்: போலீஸ் வருவதால் உரிமையாளருக்கு மட்டும் பாதுகாப்பு இல்லை. குடியிருப்பவர் மேல் கை வைக்கக் கூடாது என்ற பொறுப்பும் அவர்களுடையதே. அதில் தவறினால் யார் மேல் புகார் கொடுப்பது என்றாவது நமக்குத் தெரியும். கூலிப்படைக்கு அடையாள எண் கிடையாது.

தாத்தா முழுதாக ஒப்புக்கொள்ளவில்லை. "போலீஸ் வந்த பிறகு என்னடா பேச்சு?" என்கிறார். அதுவும் சரிதான். பேச வேண்டியது அதற்கு முன்னால். அத்துமீறிக் குடியிருப்போர் மீதான வழக்கில், நோட்டீசில் பெயர் இல்லாவிட்டாலும் அந்த இடத்தில் குடியிருப்பவர் தன்னையும் சேர்க்கும்படி நீதிமன்றத்தில் கேட்கலாம். பலர் அந்தக் காகிதத்தைப் பிரிப்பதே இல்லை. போன மாதம் பிரிக்பீல்ட்சில் இருக்கும் ஒரு அத்தை, கதவில் ஒட்டியிருந்ததைப் படமெடுத்துப் புலனத்தில் அனுப்பியிருந்தார். நான் கேட்ட முதல் கேள்வி, அதில் நீதிமன்ற முத்திரை இருக்கிறதா என்பதுதான். இருந்தது. விசாரணைக்கு இன்னும் பன்னிரண்டு நாள் மிச்சமிருந்தது.